கைப்பேசியின் நாடி பிடிப்போம்

உயிர்விட்ட கைப்பேசியை நம்மில் பலர் எறிவதில்லை. உள்ளே உள்ள படங்களுக்காக அலமாரியில் பத்திரப்படுத்துகிறோம். இன்றைய கைப்பேசிகளில் நினைவகச் சில்லை மட்டும் கழற்றிப் படங்களை மீட்க இயலாது. தகவல்கள் மறையாக்கம் செய்யப்பட்டவை. அவற்றைத் திறக்கும் சாவி செயலியோடு பிணைந்துள்ளது. படங்கள் வேண்டுமானால் அதே பலகை மீண்டும் இயங்க வேண்டும். ஆகவே, பழுதைத் தேடப்போய்ப் புதிய பழுதை உண்டாக்கிவிடக் கூடாது.

மின்சுற்றுப் பலகையில் எந்த உறுப்பும் பற்றவைக்கப்படாமல் பளபளக்கும் சிறு வட்டங்களே சோதனைப் புள்ளிகள். தொழிற்சாலையில் ஊசிகள் பொருத்திய கருவி இவற்றைத் தொட்டுப் பலகையைச் சோதிக்கிறது. வட்டத்தின் அருகே பெரும்பாலும் பெயர் இருக்காது. அந்த மாடலுக்குரிய வரைபடத்தில் ‘டி.பி.’ என்ற எழுத்துகளையும் எண்ணையும் தேட வேண்டும். வரைபடம் கிடைக்காவிட்டால் மின்தேக்கிகளை நாடுவேன். மின்வழியை ஒட்டிய மின்தேக்கிகளில் பெரும்பாலானவற்றின் ஒரு முனை அவ்வழியிலும் மறுமுனை தரையிலும் இணைந்திருக்கும்.

முதற்சோதனையை மின்கலத்தைத் துண்டித்த பிறகே செய்வேன். மல்டிமீட்டரை டயோடு நிலையில் வைத்து, சிவப்பு முனையைத் தரையான உலோகக் கவசத்திலும் கறுப்பு முனையைப் புள்ளியிலும் வைக்க வேண்டும். சுழியத்தை ஒட்டிய அளவு வந்தால் அந்த வழி தரையோடு குறுக்கே இணைந்திருக்கலாம். ஆனால், செயலிக்குச் செல்லும் வழிகளில் அளவு இயல்பாகவே குறைவு. எனவே, அதே மாடலின் நல்ல பலகையோடு ஒப்பிட்ட பின்னரே முடிவுக்கு வருவேன்.

மின்னழுத்தம் அளக்க மட்டுமே மின்சாரம் தேவை. இப்போது கறுப்பு தரையில், சிவப்பு புள்ளியில். சிவப்பு வடம் மீட்டரின் மின்னோட்டத் துளையில் செருகப்பட்டிருந்தால் மீட்டரே குறுக்குச்சுற்றாகிவிடும். ஏறக்குறைய 4 வோல்ட் உள்ள மின்கல வழியும் 1 வோல்ட்டுக்குக் குறைந்த செயலி வழியும் மிக நெருக்கமாக அமைந்திருக்கலாம். முனை சறுக்கி இரண்டையும் சேர்த்துத் தொட்டால் செயலி கருகலாம். சாவியும் படங்களும் அதோடு போகும்.

எனவே கூரிய ஊசிமுனையைப் பயன்படுத்துங்கள். நுனி தவிர மற்ற பகுதிக்குக் காப்புறை இடுங்கள். பலகையை அசையாமல் பிடிப்பானில் பொருத்தி, உருப்பெருக்கியின் கீழ் வையுங்கள். கறுப்பு முனையைக் கவ்வியால் தரையில் மாட்டிவிட்டால் கவனம் சிவப்பு முனையில் மட்டும் நிலைக்கும். நீர் புகுந்த பலகைக்கும் வீங்கிய மின்கலத்துக்கும் மின்சாரம் கொடுக்கவே வேண்டாம்.

பழகுவதற்கு, யாருடைய படங்களும் இல்லாத பழைய பலகை ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். கை உறுதிப்பட்ட பிறகு அலமாரியைத் திறக்கலாம்.