காந்தி படச்சுருள்களின் கதை

ஆவணப்படத்துக்குப் பழைய காட்சிகளைத் திரட்டுவது, பல சமயம் படம் எடுப்பதைவிடக் கடினமான வேலை. ஏ.கே. செட்டியார் 1930களின் இறுதியில் காந்தியைப் பற்றிய படத்துக்காக இந்தியா, தென்னாப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா என்று அலைந்தார். பலரிடம் சிதறிக் கிடந்த சுமார் 50,000 அடிச் சுருளைச் சேர்த்து, 12,000 அடியாக வெட்டித் தொகுத்தார். படம் 1940இல் தமிழில் வெளியானது. அந்த முதல் வடிவம் இன்று கிடைக்கவில்லை என்பது பேரிழப்பு. 1953இல் வந்த ஆங்கிலச் சுருக்கத்தை மட்டும் வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி அமெரிக்காவில் கண்டெடுத்தார். பழைய படங்கள் அழியச் சுருளின் தன்மையும் ஒரு காரணம். அக்காலத்து நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றும். பின்வந்த அசிட்டேட் சுருளோ வெப்பத்திலும் ஈரத்திலும் சிதைந்து வினிகர் வாடை வீசும். அதனால் ஆவணக் காப்பகங்கள் சுருள்களைக் குளிர்ந்த, உலர்ந்த அறையில் வைத்து, கெடுமுன் டிஜிட்டல் நகலும் எடுக்கின்றன.