நக்கவாரத்துப் பக்ஷிகளின் பாத்தியதை

அந்தமான் என்ற சொல்லைக் கேட்டதும் நம் தேசத்தாரின் மனக்கண் முன் எழுவது சிறைச்சாலையே. 1906-ல் கட்டி முடிக்கப்பட்ட அந்தச் சிறையின் கொட்டடிகளில் எத்தனையோ தேசபக்தர்கள் செக்கிழுத்துத் தேய்ந்தனர். அத்தீவுகளைப் பற்றி நமக்குத் தெரிந்த சரித்திரம் பெரும்பாலும் அத்துடன் முடிந்துவிடுகிறது. அதற்குத் தெற்கே கடல் தாண்டிக் கிடக்கும் நிக்கோபார்த் தீவுகளையோ நம்மில் பலர் பூகோளப் படத்தில் சில புள்ளிகளாக மட்டுமே அறிவோம். நம் முன்னோர் அவ்வளவு அறியாதவர்களாக இருக்கவில்லை. 1025-ஐ ஒட்டிக் கடல் கடந்து படையெடுத்த முதலாம் ராஜேந்திர சோழனின் மெய்க்கீர்த்தி, அவன் வென்ற இடங்களுள் மாநக்கவாரத்தையும் சேர்த்துச் சொல்லுகிறது. ஆனால், சோழனுடைய கப்பல்கள் நங்கூரம் பாய்ச்சுவதற்கு எத்தனையோ காலம் முன்பே அங்கே குடியேறிவிட்ட பிரஜை ஒன்று உண்டு. வாயில்லாத அந்தப் பிரஜையின் வழக்கை இன்று வாசகர்கள் முன் வைக்க விரும்புகிறோம். அந்தப் பிரஜை ஒரு கோழி.

அடைகாக்காத கோழி

மெகபோட் என்று பக்ஷி சாஸ்திரிகள் இதற்குப் பெயரிட்டிருக்கின்றனர். பெரிய பாதமுடையது என்பது பொருள். நாட்டுக் கோழியளவே உள்ள இந்தப் பழுப்பு நிறப் பறவை, இந்தியாவில் நிக்கோபார்த் தீவுகளைத் தவிர வேறெங்கும் இல்லை. இதன் உறவினங்கள் ஆஸ்திரேலியாவிலும், நியூகினியிலும், கிழக்கிந்தியத் தீவுகளின் கீழ்க்கோடியிலும் வசிக்கின்றன. இடையே நெடுந்தூரம் இவ்வினமே கிடையாது. இது எவ்வாறு இங்கு வந்து சேர்ந்தது என்பது பண்டிதர்கள் இன்னும் விவாதிக்கும் விஷயம்.

இதனுடைய குடும்பம் நடக்கும் முறை மிகவும் விசித்திரமானது. ஏனைய பக்ஷிகளைப் போல் இது முட்டையின்மேல் உட்கார்ந்து அடைகாப்பதில்லை. கடலோரத்துக் காட்டில் ஆணும் பெண்ணும் சேர்ந்து தங்கள் பலமான கால்களால் மணலையும் சருகையும் சீய்த்துச் சீய்த்து மேடு ஒன்று எழுப்புகின்றன. பெண் அதனுள் முட்டையைப் புதைத்துவிடுகிறது. சருகு மட்கும்போது உண்டாகும் சூடே முட்டைக்குத் தாயின் சூடாகிறது. இரண்டு மாதத்துக்கு மேல் கழிந்தபின் குஞ்சு தானே ஓட்டை உடைத்து, மணலைக் கிளறி வெளியே வந்து, தானே இரை தேடப் புறப்பட்டுவிடுகிறது. பெற்றோரின் முகத்தை அது பார்ப்பதில்லை. பார்க்க வேண்டிய அவசியமும் இல்லை. அதற்கு வேண்டியதெல்லாம் கடலோரத்து மணலும், அதையொட்டிய காடும், வேற்றுப் பிராணிகளால் கலைக்கப்படாத மேடுமே. இம்மூன்றும் போனால் அந்தக் கோழியும் போயிற்று.

தீவு வாசத்தின் ஆபத்து

தீவில் வாழும் ஜீவன்களுக்குக் கடலே கோட்டை. புலியும் நரியும் கீரியும் எலியும் அங்கே எட்ட முடியாததால், அவை தலைமுறை தலைமுறையாகப் பயமறியாமல் வாழ்ந்து வருகின்றன. அந்தக் கோட்டையின் கதவை மனிதன் ஒருமுறை திறந்துவிட்டால், உள்ளே இருப்பவற்றுக்கு ஓடுவதற்கு இடமில்லை. 1500-க்குப் பிறகு உலகில் பூண்டற்றுப்போன பக்ஷி ஜாதிகளில் ஏறக்குறையப் பத்தில் ஒன்பது பங்கு தீவுகளைச் சேர்ந்தவை என்ற கணக்கு இதற்குப் போதிய சாக்ஷி. டச்சு மாலுமிகள் 1598-ல் மொரீஷியஸ் தீவில் இறங்கினர். நூறு வருஷம் முடிவதற்குள் அங்கிருந்த டோடோ என்னும் பறக்க மாட்டாத பெரும் புறா மறைந்தது. அந்த டோடோவுக்கு இன்று உயிரோடிருக்கும் மிக நெருங்கிய பந்து எதுவென்று ஆராய்ந்தபோது, அது நம் நிக்கோபார்ப் புறாவே என்று கண்டனர். கழுத்தில் நீண்ட இறகுகளும் பச்சையும் செம்புமாக மின்னும் உடலும் உடைய அந்தப் புறா, மனிதர் வசிக்காத சிறு தீவுகளில் கூட்டம் கூட்டமாகக் கூடு கட்டுகிறது. டோடோவின் குடும்பத்து விளக்கு இன்னும் நம் வீட்டில் எரிந்துகொண்டிருக்கிறது என்று சொல்லலாம்.

பசிபிக் சமுத்திரத்தில் அமெரிக்க வசமுள்ள குவாம் தீவின் கதை இதனினும் கொடியது. இரண்டாவது உலக யுத்தம் முடிந்த சமயத்தில், ராணுவச் சாமான்களோடு சாமானாகப் பழுப்பு நிற மரப்பாம்பு ஒன்று அங்கே இறங்கிவிட்டது. அத்தீவுக்குரிய 12 காட்டுப் பறவை வகைகளுள் 10 நாற்பது வருஷத்துக்குள் காட்டிலிருந்து மறைந்தன. அந்தப் பாம்பை எவரும் வேண்டுமென்று கொண்டுவரவில்லை. பெரிய துறைமுகம் ஒன்று திறக்கப்படும் இடத்துக்குக் கப்பலில் என்னென்ன வந்து சேரும் என்பதை எந்த அதிகாரியும் முன்கூட்டிச் சொல்ல முடியாது என்பதே இதன் படிப்பினை.

நார்க்கொண்டம் சொல்லும் பாடம்

நம்முடைய தீவுகளிலேயே இதற்கு உதாரணம் உண்டு. அந்தமானுக்குக் கிழக்கே தன்னந்தனியாக நிற்கும் நார்க்கொண்டம் என்ற எரிமலைத் தீவின் விஸ்தீரணம் ஏழு சதுர கிலோமீட்டருக்கும் குறைவு. நரககுண்டம் என்ற சொல்லே இவ்வாறு திரிந்தது என்று சொல்வாரும் உளர். ஆயினும் ஒரு பறவைக்கு அதுவே சொர்க்கம். நார்க்கொண்டத்து இருவாய்ச்சி உலகிலேயே அந்த ஒரு தீவில்தான் வாழ்கிறது. அதன் மொத்தத் தொகை சுமார் ஆயிரம். பெண் மரப்பொந்தினுள் புகுந்து வாயிலை அடைத்துக்கொள்ள, ஆண் சிறு துவாரத்தின் வழியாக அத்திப்பழம் கொண்டுவந்து ஊட்டும். அந்தப் பழத்தின் விதைகளே காடெங்கும் விழுந்து மறுபடி மரமாகின்றன.

அங்கே காவல் புரியச் சென்ற போலீஸாரின் உணவுக்காக 1976-ல் சில ஆடுகள் கொண்டுபோகப்பட்டன. அவை காட்டில் பெருகிச் சில நூறாயின. இளஞ்செடிகளை மேய்ந்து தீர்த்தன. இன்றைய செடி இல்லையேல் நாளைய மரம் இல்லை. மரம் இல்லையேல் பொந்து இல்லை. பொந்து இல்லையேல் இருவாய்ச்சி இல்லை. பக்ஷி ஆராய்ச்சியாளர்கள் வருஷக்கணக்காக எடுத்துக் கூறிய பிறகே ஆடுகள் அகற்றப்பட்டன. அதே தீவில் கடலோரக் காவல் படைக்காக ராடார் நிலையம் அமைக்கும் யோசனையை 2012-ல் மத்திய சர்க்கார் நிராகரித்தது. 2014-ல் வேறு சர்க்கார் வந்து அனுமதித்தது. ஒரு பக்ஷி ஜாதியின் ஆயுள், மந்திரிசபைகள் மாறுவதைப் பொறுத்திருப்பது நியாயமா என்று கேட்கிறோம்.

கலாத்தியா விரிகுடா

இனி நிக்கோபார்க் கோழிக்கு வருவோம். 2004 டிசம்பர் 26-ந் தேதி எழுந்த ஆழிப்பேரலை நாகப்பட்டினத்தையும் வேளாங்கண்ணியையும் தாக்கியதை நாம் மறக்கவில்லை. அன்று பூமியதிர்ச்சிக்கு மிக அருகில் கிடந்த பெரிய நிக்கோபாரின் தென்கோடி சுமார் நான்கு மீட்டர் தாழ்ந்துபோயிற்று. அங்கிருந்த கலங்கரை விளக்கத்தின் அடிப்பாகம் கடலுக்குள் சென்றது. மெகபோட் தீவு என்று இந்தக் கோழியின் பெயரையே தாங்கிய சிறு சரணாலயத் தீவு மூழ்கிற்று. கடலோரத்தை நம்பிய கோழிகளில் ஏறக்குறைய 70 சதவீதம் அழிந்தன என்று பின்னர் எடுத்த கணக்குகள் கூறின. எஞ்சியவை மீண்டும் சருகு சேர்த்து மேடு கட்டத் தொடங்கின. கடல் மிச்சம் வைத்ததை மனிதன் மிச்சம் வைப்பானா என்பதே இப்போதைய கேள்வி.

பெரிய நிக்கோபாரின் தென்புறத்திலுள்ள கலாத்தியா விரிகுடாவில் இந்தக் கோழிகள் மேடு கட்டுகின்றன. ஓட்டுக்குப் பதில் தோல் போர்த்த முதுகையுடைய உலகின் மிகப் பெரிய கடலாமைகளும் அங்கே வந்து முட்டையிடுகின்றன. இவற்றுக்காகவே அது 1997-ல் சரணாலயமாக்கப்பட்டது. 2021 ஜனவரியில் அந்தச் சரணாலயத்தை ரத்துச் செய்ய ஒப்புதல் அளிக்கப்பட்டது. அதே மாதத்தில் வெளியான மத்திய சர்க்காரின் கடலாமைப் பாதுகாப்புத் திட்டமோ, கலாத்தியாவை ஆமைகளின் முக்கிய ஸ்தலங்களுள் ஒன்றாகக் கூறுகிறது! ஒரு கை எழுதியதை மறு கை அழித்தது.

அங்கே சரக்கு மாற்றுத் துறைமுகமும், விமான நிலையமும், மின்சார நிலையமும், புது நகரமும் எழுப்புவது சர்க்காரின் யோசனை. தொடக்கத்தில் ரூ. 72,000 கோடி என மதிப்பிடப்பட்ட இத்திட்டத்துக்கு 2022 நவம்பரில் சுற்றுச்சூழல் அனுமதி கிடைத்தது. சுமார் 130 சதுர கிலோமீட்டர் காடு இதற்கென ஒதுக்கப்படுகிறது. ஏறக்குறைய எட்டாயிரம் ஜனங்கள் வசிக்கும் தீவில் முப்பது வருஷத்தில் மூன்றரை லக்ஷம் பேரைக் குடியேற்றுவதாகக் கணக்கு. 2023 ஏப்ரலில் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் இந்த அனுமதியில் தலையிட மறுத்து, சில குறைகளை மட்டும் மறுபடி பரிசீலிக்க ஒரு குழுவை நியமித்தது.

எதிர்க்கட்சியின் நியாயம்

சர்க்கார் தரப்பில் நியாயமே இல்லை என்று நாம் கூறவில்லை. சிங்கப்பூரிலும் கொழும்பிலும் பிற அந்நியத் துறைமுகங்களிலும் நம் சரக்குகள் கப்பல் மாறுகின்றன. அந்தக் கூலி தேசத்துக்கு வெளியே போகிறது. மலாக்கா ஜலசந்தியின் வாயிலில் விழித்திருப்பதும் தேசத்துக்கு அவசியமே. நாம் தேசத்தின் பாதுகாப்பை அலக்ஷ்யம் செய்பவர்கள் அல்லர். ஆனால் பாதுகாப்பு வேறு, வியாபாரம் வேறு. தேசத்தைக் காக்கக் கேம்பல் விரிகுடாவில் கடற்படையின் விமானத் தளம் 2012 முதல் இருந்து வருகிறது. அதற்காக எவரும் கோழிக்கு வக்காலத்து வாங்கவில்லை. ஒரு காவல் தளத்துக்கு வேண்டிய நிலம் கொஞ்சம். மூன்றரை லக்ஷம் பேர் வாழும் நகரத்துக்கு வேண்டிய நிலம் வேறு. முன்னதற்குரிய நியாயத்தைக் காட்டிப் பின்னதை அங்கீகரிக்கச் சொல்வது சரியான வாதம் ஆகாது. மேலும், பூமியதிர்ச்சி அபாயம் மிக அதிகமான மண்டலத்தில், கண்முன்னே நான்கு மீட்டர் தாழ்ந்த கரையில், இத்தனை கோடியை இறக்குவது வியாபாரக் கண்ணோடு பார்த்தாலும் யோசிக்கத்தக்கதே.

ஈடு செய்வதாகக் கூறும் வழியும் நமக்குத் திருப்தி தரவில்லை. கோழிக்காக மென்சால் என்ற சிறு தீவைச் சரணாலயமாக்கியிருக்கின்றனர். நல்லதே. ஆனால் இரண்டு வீடுள்ளவனிடம் ஒன்றைப் பறித்து, மற்றொன்றுக்குப் பட்டா எழுதிக் கொடுப்பதை ஈடு என்று எவர் சொல்வர்? வெட்டப்படும் காட்டுக்குப் பதிலாக ஹரியானாவில் மரம் நடுவார்களாம். ஹரியானாவில் மரம் வேண்டியதுதான். ஆனால் நிக்கோபார்க் கோழி அங்கே போய்ச் சருகு சேர்க்குமா? ஆழிப்பேரலைக்குப் பின் வேறிடத்தில் குடிவைக்கப்பட்ட நிக்கோபாரிகள் தங்கள் பூர்வீகக் கிராமங்களுக்குத் திரும்ப அனுமதி கேட்டு வருகின்றனர். காட்டுக்குள் சில நூறு பேராக வாழும் ஷோம்பென்கள் நம்மிடம் எதையும் கேட்கவில்லை. காடு போனால் பறவையும் மனிதனும் ஒருங்கே வீடிழப்பர். முன்பு சம்மதம் கொடுத்த ஆதிகுடிகளின் சபை, 2022-ல் அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டதை அதிகாரிகள் பொருட்படுத்த வேண்டும்.

செய்யக்கூடியது என்ன?

கெட்டுப்போனதைக்கூடத் திருத்த முடியும் என்பதற்கு உலகில் சான்றுண்டு. தென் அட்லாண்டிக்கில் பிரிட்டிஷார் வசமுள்ள தெற்கு ஜார்ஜியாவில், பழைய வேட்டைக் கப்பல்களிலிருந்து இறங்கிய எலிகள் பறவைக் குஞ்சுகளைத் தின்று பெருகியிருந்தன. பல வருஷ முயற்சிக்குப் பின், எலி ஒழிந்தது என்று 2018-ல் அறிவித்தனர். சின்னஞ்சிறு பாடும் பறவைகள் கரைக்குத் திரும்பின. நம் அந்தமானிலேயே, உழவாரக் குருவி உமிழ்நீரால் கட்டும் கூடுகளைச் சீனத்து விருந்துக்காகத் திருடி விற்றவர்களை, அந்தக் குகைகளுக்கே காவலராக்கினர். கோயமுத்தூரிலுள்ள சாலிம் அலி பறவையியல் நிலையமும் வனத்துறையும் சேர்ந்து செய்த காரியம் இது. காவல் கிடைத்த குகைகளில் குருவிகள் பெருகின. ஜனங்களின் பிழைப்பும் பக்ஷிகளின் உயிரும் ஒன்றுக்கொன்று விரோதமல்ல என்பதை நம்மவர்களே செய்து காட்டியிருக்கின்றனர்.

ஆகவே நாம் கேட்பவை மூன்று. முதலாவது, திட்டம் பற்றிய ஆராய்ச்சி அறிக்கைகள் முழுவதும் பொதுஜனங்கள் முன் வைக்கப்பட வேண்டும். ராணுவ ரகசியம் காக்கப்படட்டும். கோழி முட்டையிடும் மேட்டின் கணக்கு ராணுவ ரகசியமாகாது. இரண்டாவது, கலாத்தியாக் கடற்கரை மறுபடி சரணாலயமாக வேண்டும். அந்தக் கரையைத் தொடாமல் தேசத்தின் காவல் தேவைகளை நிறைவேற்ற வழி காண வேண்டும். மூன்றாவது, தீவுகளில் இறங்கும் ஒவ்வொரு கப்பலும் எலிக்கும் பாம்புக்கும் சோதிக்கப்பட வேண்டும். இதைச் சட்டசபை மேடைகளிலும், பொதுக்கூட்டங்களிலும், பத்திரிகைகளுக்கு எழுதும் கடிதங்களிலும் நம் அன்பர்கள் வற்புறுத்த வேண்டும். நிக்கோபார்க் கோழிக்கு வோட்டு இல்லை. அதற்காகத் தந்தி அடிப்பாரும் இல்லை.

ஒரு காலத்தில் அந்நிய ஆட்சி அந்தத் தீவுகளை நம் தேசபக்தர்களை ஒழிக்கும் இடமாக நினைத்தது. தொலைவில் நடப்பதை ஜனங்கள் பார்க்க மாட்டார்கள் என்பதே அதன் தைரியம். சுதந்திர தேசத்தின் சர்க்கார் அந்தத் தைரியத்தை இரவல் வாங்கக் கூடாது. கடல் நடுவே நடப்பதையும் நாம் பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்று டில்லிக்குத் தெரியட்டும்.