பெண்ணாடத்து மணலும் பிச்சாவரத்து மரமும்: வெள்ளத்தைத் தடுக்க சுவர் மட்டும் போதுமா?

பெண்ணாடம் பிரளயகாலேஸ்வரர் கோயிலுக்குப் போனவர்கள் கவனித்திருப்பீர்கள். அங்கே நந்தி சாமியைப் பார்த்து உட்காரவில்லை. வாசல் பக்கம் திரும்பி இருக்கிறது. ஊழி வெள்ளம் வந்தபோது, அதைத் தடுக்கத்தான் நந்தி திரும்பி உட்கார்ந்தது என்கிறது தலபுராணம்.

வெள்ளம்னு சொன்னால் இன்றைக்கும் நமக்கு முதலில் தோன்றுவது இதுதான். தண்ணீருக்கு எதிரே எதையாவது நிறுத்து! தடுப்புச் சுவர், கான்கிரீட் கரை, கதவணை, கடலோரத்தில் தூண்டில் வளைவு. இவற்றை உள்கட்டமைப்பு என்கிறோம். டெண்டர் விடுகிறோம், பராமரிப்புக்குப் பணம் ஒதுக்குகிறோம். ஆற்று மணலும் ஏரியும் அலையாத்திக் காடும் இந்தக் கணக்கில் வருவதில்லை. அவை 'இயற்கை வளம்', இல்லாவிட்டால் சுற்றுலாத் தலம்.

காலநிலை மாற்றம் பற்றிய பேச்சில் இப்போது அடிக்கடி அடிபடும் 'இயற்கை உள்கட்டமைப்பு' என்ற சொல், இந்தக் கணக்கைத்தான் மாற்றச் சொல்கிறது. பாலமும் அணையும் செய்யும் வேலையை ஒரு காடோ சதுப்பு நிலமோ செய்கிறது என்றால், அதையும் பாலம் போலவே பராமரிக்க வேண்டும் என்பதுதான் விஷயம். கரை கட்டுவதில் உலகுக்கே வாத்தியாரான நெதர்லாந்துகூட 2000-க்குப் பிறகு 'ஆற்றுக்கு இடம் விடு' என்று ஒரு திட்டம் போட்டு, பல இடங்களில் கரைகளைப் பின்னால் தள்ளி வைத்தது.

நமக்கு நெதர்லாந்து வரை போகத் தேவையில்லை. பெண்ணாடத்தை ஒட்டி ஓடும் வெள்ளாறே போதும்.

மணலுக்குள் ஒரு தொட்டி

கிழக்குத் தொடர்ச்சி மலைப் பகுதிகளில் பிறக்கும் வசிஷ்ட நதியும் சுவேத நதியும் சேர்ந்து வெள்ளாறாகின்றன. தொழுதூர், திட்டக்குடி, பெண்ணாடம் வழியாக வந்து, கூடலையாற்றூரில் மணிமுத்தாற்றையும் சேர்த்துக்கொண்டு, சேத்தியாத்தோப்பு தாண்டி, பரங்கிப்பேட்டையில் கடலில் கலக்கிறது. சென்னை–திருச்சி கார்டு லைன் ரயிலில் போகிறவர்கள் பெண்ணாடம் பக்கம் ஜன்னல் வழியாகப் பார்த்திருப்பீர்கள். ஆண்டில் பாதி நாள் அது வெறும் மணல்தான். "ஆறு செத்துப்போச்சு" என்று சொல்லத் தோன்றும்.

ஆனால் தண்ணீர் மேலே தெரியாவிட்டாலும் கீழே இருக்கும். நனைந்து நிறைந்த ஆற்று மணலில் ஏறக்குறைய கால் பங்கு, எடுத்துப் பயன்படுத்தக்கூடிய தண்ணீர். வெயிலில் ஆவியாகாத, மோட்டார் இல்லாமலே பக்கத்துக் கிணறுகளுக்கு ஊறிப்போகும் தொட்டி அது. மழை கொட்டும்போதும் அது சும்மா இருப்பதில்லை. முதலில் வரும் தண்ணீரில் ஒரு பகுதியை உள்ளே இழுத்துக்கொள்கிறது.

மணலை அள்ளிவிட்டால் தொட்டியே போய்விடும். ஆற்றின் தரை இறங்கினால், அதோடு சேர்ந்து கரையோரக் கிணற்றின் நீர்மட்டமும் இறங்கும். ஒரு லோடு மணலுக்கு விலை இருக்கிறது; அந்த மணல் பிடித்து வைத்திருந்த தண்ணீருக்கு யாரும் விலை போட்டதில்லை. நம் கணக்கில் உள்ள ஓட்டை இதுதான்னு நினைக்கிறேன்.

ஏரி இயற்கையா, கட்டுமானமா?

இரண்டும்தான். திட்டக்குடி அருகே கீழ்ச்செருவாயில் இருக்கும் வெலிங்டன் ஏரி, 1913-ல் தொடங்கி 1923-ல் முடிந்த வேலை. தொழுதூரில் வெள்ளாற்றை மறித்து, அங்கிருந்து கால்வாய் வழியாகத் தண்ணீர் கொண்டுவருகிறார்கள். வீராணம் அதைவிடப் பல நூற்றாண்டு மூத்தது. 10-ம் நூற்றாண்டில், முதலாம் பராந்தகன் காலத்தில் சோழ இளவரசன் ராஜாதித்தன் வெட்டியதாகச் சொல்லப்படும் ஏரி. 2004 முதல் சென்னைக்கும் அங்கிருந்து குடிநீர் போகிறது. சென்னையில் ஐடி வேலை பார்க்கும் கடலூர்க்காரர் குழாயைத் திறந்தால், சொந்த மாவட்டத்துத் தண்ணீரே வரலாம்.

நிலத்தின் சரிவை எதிர்க்காமல் அதற்கு இசைவாகக் கரை போடுவதுதான் ஏரியின் சூட்சுமம். மழை நாளில் வெள்ளத்தைத் தாங்கும், கோடையில் நிலத்தடி நீருக்குக் கொடுக்கும். ஆனால் வண்டல் சேரச் சேர கொள்ளளவு குறைந்துகொண்டே போகும். அதனால்தான் ஊர் கூடித் தூர்வாரும் குடிமராமத்து என்ற வழக்கம் இருந்தது. 2017-ல் அதே பெயரில் தமிழக அரசு ஒரு திட்டத்தைக் கொண்டுவந்தது. நல்ல விஷயம்தான். ஆனால் வண்டல் ஆண்டுதோறும் வருகிறது, தூர்வாரும் திட்டம் எப்போதாவதுதான் வருகிறது.

பிச்சாவரம்: நிஜமாகவே காப்பாற்றியதா?

வெள்ளாறு கடலைத் தொடும் இடத்துக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவே இருப்பது பிச்சாவரம் காடு. சிதம்பரத்தின் பழைய பெயரான தில்லை என்பதே ஓர் அலையாத்தி மரத்தின் பெயர். ஒரு காலத்தில் இந்தக் காடு எதுவரை இருந்திருக்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு உலகம் முழுக்க இந்தக் காட்டைப் பற்றிப் பேசினார்கள். பரங்கிப்பேட்டையில் உள்ள அண்ணாமலைப் பல்கலைக்கழகக் கடல் உயிரியல் மையத்தைச் சேர்ந்த கதிரேசனும் ராஜேந்திரனும் இந்தக் கரையில் 18 குடியிருப்புகளை ஆராய்ந்து, தாவர மறைப்பு உள்ள இடங்களில் உயிர்ச்சேதம் குறைவு என்று 2005-ல் எழுதினார்கள். அதே ஆண்டு 'சயின்ஸ்' இதழில் வந்த டேனியல்சன் குழுவின் கட்டுரையும் கடலூர்க் கரையை வைத்து அதையே சொன்னது.

சரி, கேஸ் முடிந்ததா? இல்லை. 2006-ல் கெர், பேர்ட், கேம்பெல் என்ற மூன்று ஆய்வாளர்கள் கதிரேசன் குழுவின் அதே புள்ளிவிவரங்களைத் திரும்ப அலசினார்கள். காட்டுக்குப் பின்னால் இருந்த ஊர்கள் பெரும்பாலும் கடலிலிருந்து தள்ளியோ, மேட்டிலோ இருந்தவை. தப்பியதற்கு முக்கியக் காரணம் தூரமும் உயரமும்தான் என்றார்கள்.

இந்த எதிர்வாதத்தை மறைத்துவிட்டு "மரம் நட்டால் சுனாமி நிற்கும்" என்று போஸ்டர் அடிப்பது ஆபத்து. அதை நம்பி யாராவது காட்டுக்கு முன்னால் வீடு கட்டினால் என்ன ஆகும்? எச்சரிக்கை மணிக்கும் புயல் பாதுகாப்பு மையத்துக்கும் மரம் மாற்று ஆகாது. அதே சமயம், சுனாமி எப்போதோ வருவது. புயல் அலையும் கரை அரிப்பும் அடிக்கடி வருபவை. 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையேதான் கரையைக் கடந்தது. அலையின் வேகத்தை வேர்ப் பின்னலால் குறைப்பது, சேற்றைப் பிடித்து வைப்பது, இறாலுக்கும் நண்டுக்கும் நாற்றங்காலாக இருப்பது என்று இந்தக் காடு அன்றாடம் செய்யும் வேலைகளுக்குச் சுனாமி சாட்சி தேவையில்லை. வெறுங்கையால் இறால் தடவிப் பிடிக்கும் இருளர் குடும்பங்களுக்கு அது பிழைப்பும்கூட.

நட்டால் போதாது, தண்ணீர் ஓடணும்

பிச்சாவரம் சொல்லித்தரும் பெரிய பாடம் வேறு இடத்தில் இருக்கிறது. பிரிட்டிஷ் காலத்திலிருந்து பல பத்தாண்டுகள், பகுதி பகுதியாக மரங்களை மொட்டையாக வெட்டும் முறை இங்கே நடந்தது. நிழல் போனதும் சேற்று நிலம் வெயிலில் காய்ந்து, தாழ்ந்து, தட்டு போலக் குழிந்தது. ஓதத்தில் உள்ளே வந்த கடல்நீர் திரும்பிப் போக வழியில்லாமல் தேங்கி ஆவியானது. உப்பு ஏறிக்கொண்டே போனதால் விதை விழுந்தாலும் முளைக்கவில்லை.

1990-களில் எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் ஊர் மக்களோடு சேர்ந்து செய்தது எளிமையான வேலை. மீன் முள் வடிவத்தில் வாய்க்கால் வெட்டினார்கள். நடுவே ஒரு முதன்மை வாய்க்கால், இருபுறமும் சாய்வாகக் கிளைகள். ஓதம் உள்ளே வந்து, உப்பைக் கழுவிக்கொண்டு வெளியே போனது. அதன் பிறகே கன்று நட்டார்கள். 1980-களின் நடுவிலிருந்து 2002 வரை காட்டின் பரப்பு சுமார் 90% கூடியதாகச் செயற்கைக்கோள் படங்கள் காட்டின. 2022-ல் பிச்சாவரம் ராம்சார் பட்டியலிலும் சேர்ந்தது.

அந்த வாய்க்கால்களும் தூர்ந்துபோகும். தூர்வாராவிட்டால் பழைய உப்புத் தட்டு திரும்பும். ஏரிக்கு உள்ள அதே பிரச்சினைதான்.

இன்னொன்று. அலையாத்திக்குக் கடல்நீர் மட்டும் போதாது, ஆற்றுநீரும் கலக்கணும். நன்னீர் வரத்து குறைந்தால், அதிக உப்பைத் தாங்கும் சில வகை மரங்கள் மட்டுமே மிஞ்சும். அந்த நன்னீர், தொழுதூரையும் பெண்ணாடத்தையும் சேத்தியாத்தோப்பையும் தாண்டித்தான் வரவேண்டியிருக்கிறது. மேலே மணலுக்கும் ஏரிக்கும் நாம் செய்வதன் பலன் கீழே காட்டில் தெரியும். ஆனால் மணல் ஒரு துறையிடம், ஏரி வேறொரு துறையிடம், காடு வனத்துறையிடம். மூன்றையும் ஒரே கோப்பில் பார்க்கும் மேசை எது?

கையில் போன் இருக்கிறதே, கூகுள் மேப்பில் பிச்சாவரத்தைத் திறந்து சாட்டிலைட் வியூவுக்கு மாற்றிப் பாருங்கள். வளைந்து நெளிந்து போகும் ஓடைகள் இயற்கையானவை. பச்சைக்கு நடுவே முள் முள்ளாக நேர்க்கோடுகள் தெரிந்தால், அவை மனிதர்கள் இறங்கி வெட்டியவை.