அச்சாரமும் முன்பணமும்

மேல்கோட்டையில் கல்யாணித் தீர்த்தத்துக்கு அருகே பழைய வீடொன்று விலைக்கு வருகிறதென்று வைத்துக்கொள்வோம். தமிழ்க் குடும்பம் ஒன்று அதனை 40 லட்சத்துக்குப் பேசி, ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் அன்று 4 லட்சம் அச்சாரமும், இரண்டு மாதம் கழித்து மேலும் 8 லட்சமும் கொடுக்கிறது. பிறகு எதிர்பார்த்த வங்கிக் கடன் கிடைக்கவில்லை, கிரயம் நின்றுபோகிறது. கொடுத்த 12 லட்சத்தின் கதி என்ன? "போனது போனதுதான்" என்பார் தரகர். "ஒரு காசு விடாமல் வாங்கிவிடலாம்" என்பார் மாமா. இருவர் கூற்றும் பிழையே.

அச்சாரம் என்பது சொன்ன சொல்லைக் காப்பேன் என்பதற்கு ஈடாகக் கொடுப்பது. கிரயம் முடிந்தால் விலையில் சேரும்; வாங்குபவர் தவறினால் விற்பவரிடமே தங்கிவிடும். அதற்கு மேற்பட்டுக் கொடுத்தது விலையில் ஒரு பகுதி. அதிலிருந்து விற்பவர் தமக்கு நேர்ந்த நஷ்டத்துக்கு நியாயமான ஈடு கேட்கலாமேயன்றி, முழுவதையும் விழுங்க இயலாது. ஃபதே சந்த் வழக்கில் இது தெளிவாயிற்று. டில்லியில் 1949-ல் ஒரு பங்களா 1,12,500 ரூபாய்க்குப் பேசப்பட்டு, 1,000 ரூபாய் அச்சாரமும் பின்னர் 24,000 ரூபாயும் கைமாறின. தவறினால் 25,000 ரூபாயும் பறிபோகும் என்பது நிபந்தனை. 1963-ல் உச்ச நீதிமன்றம், ஒப்பந்தச் சட்டத்தின் 74-ஆம் பிரிவைக் காட்டி, பறிமுதலாக 1,000 ரூபாயை மட்டுமே விட்டுக்கொடுத்தது.

ஆகவே நம் மேல்கோட்டைக் கதையில் 4 லட்சம் ஆபத்தில் இருக்கிறது. 8 லட்சத்தைக் கேட்க வழியுண்டு. கடன் கிடைக்காமை வாங்குபவரின் தவறாகவே கொள்ளப்படும். "கடன் மறுக்கப்பட்டால் பணம் திரும்பும்" என்று ஒரு வரி எழுதிக்கொண்டிருந்தால் கதையே வேறு. தவறியவர் விற்பவராயின் பறிமுதல் என்ற பேச்சுக்கே இடமில்லை.

பெயரை மாற்றி எழுதினால் தப்பலாமோ? ஆய்வுக்கூடத்தில் புட்டியின்மேல் ஒட்டிய சீட்டால் உள்ளிருக்கும் திரவம் மாறுவதில்லை, இங்கும் அப்படித்தான். கர்நாடகத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில், 55½ லட்சச் சொத்துக்கு 2007-ல் 20 லட்சம் கொடுத்திருந்தார் ஒருவர். நான்கு மாதத்தில் மீதியைக் கட்ட அவரால் இயலவில்லை. பத்திரத்தில் "முன்பணம்" என்றிருந்தும், அதன் இயல்பு அச்சாரமே என்று உச்ச நீதிமன்றம் 2025-ல் தீர்ப்பளித்தது; 20 லட்சமும் போயிற்று.

அவ்வழக்கில் இன்னொரு குறையும் இருந்தது. கிரயம் செய்து தரும்படி கேட்டவர், இல்லையேல் பணத்தையாவது திருப்பித் தருக என்று பிராதில் கேட்கவில்லை. குறித்த நிவாரணச் சட்டத்தின் (1963) 22-ஆம் பிரிவின்படி, கேளாததை நீதிமன்றம் தராது. வழக்கு நடக்கும் எந்த நிலையிலும் பிராதைத் திருத்திக் கேட்கலாம் என்றும் அதே பிரிவு சொல்கிறது. இத்தனை தாராளமான கதவைத் தட்டாமல் விடுவதுதான் வியப்பு!

பலர் அறியாத பலம் ஒன்றுண்டு. 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், 55-ஆம் பிரிவின்படி, முறையாகக் கொடுத்த முன்பணத்துக்கு அந்தச் சொத்தே பொறுப்பு. விற்பவர் அதனை வேறொருவருக்கு விற்றாலும் அப்பொறுப்பு கூடவே செல்லும். காரணமின்றிக் கிரயத்தை ஏற்க மறுத்தவருக்கு மட்டும் அது இல்லை. கிரயம் கேட்டு வழக்கிட 3 ஆண்டுகள்தாம். சொத்தின் பொறுப்பைக் கொண்டு பணம் கேட்க 12 ஆண்டுகள்.

ஆனால் வீட்டை விட்டுச் சுற்றுப்புறச் சிற்றூர்களில் நிலம் வாங்கப் போவோர், அது தாழ்த்தப்பட்டோர்க்கோ பழங்குடியினர்க்கோ அரசினர் வழங்கிய நிலமா என்று முதலில் விசாரிக்க வேண்டும். 1978-ஆம் ஆண்டின் கர்நாடகச் சட்டம் அத்தகைய நிலத்தை அரசின் அனுமதியின்றி விற்கக் கூடாதென்கிறது. விற்பனை மட்டுமன்று, விற்பதற்கான ஒப்பந்தமும், நிலத்தின்மேல் பொறுப்பு ஏற்படுத்துவதும்கூட அத்தடைக்குள் அடங்கும்.