வெற்றிலையில் தடவிய மை

களவுபோன நகையைத் தேடி மைக்காரரிடம் செல்வோருக்காக, வெற்றிலையில் கரிய அஞ்சனத்தைத் தடவி, விளக்கொளி படும்படி பிடித்து, ஒரு பாலகனை இமைகொட்டாமல் உற்று நோக்கச் செய்து, “அனுமார் தெரிகிறாரா?” என்று வினவும் வித்தையைத் தமிழ்நாட்டுக் கிராமங்கள் நெடுங்காலம் அறிந்திருந்தன. விடை அந்தக் கேள்விக்குள்ளேயே பொதிந்திருந்தது என்பது என் அபிப்பிராயம். பளபளக்கும் கருமையில் கண் லயித்துவிட்டால், சொல்லப்பட்ட உருவத்தை மனம் தானே வரைந்துகொள்ளும். தக்காண முஸ்லிம்களைப் பற்றி ஜாபர் ஷரீப் எழுதி, 1832இல் ஹெர்க்லாட்ஸ் ஆங்கிலத்தில் வெளியிட்ட நூலிலும் அஞ்சனம் இடம்பெறுகிறது.

தோல் பதனிடும் ஆம்பூர், வாணியம்பாடிப் பக்கங்களுக்கு அந்நியமல்லாத இன்னொரு மை, மணமுள்ளது: குங்குமப்பூவைப் பன்னீரில் குழைத்து, வெள்ளைப் பீங்கான் தட்டில் திருக்குர்ஆன் வசனத்தை எழுதி, உலர்ந்தபின் நீர்வார்த்துக் கரைக்க, எழுத்தெல்லாம் இளமஞ்சளாய்க் கலங்கும், அதைத்தான் நோயாளி பருகுவார்.