டவர் இல்லாத காட்டில் வழி சொல்லும் குரல்

அமெரிக்காவின் யெல்லோஸ்டோன் தேசியப் பூங்காவுக்குக் காரில் போகிறவர்களில் பலர் இப்போது ஒலிவழிச் சுற்றுலா ஒன்றையும் கூட்டிக்கொண்டு போகிறார்கள். கைபேசியில் ஒரு செயலியை ஓடவிட்டு, காரின் ஸ்பீக்கரோடு இணைத்துவிடுவார்கள். அதற்குப் பிறகு அதைத் தொட வேண்டியதே இல்லை. வண்டி ஓர் இடத்தை நெருங்கும்போது குரல் தானாகப் பேசத் தொடங்கும். அடுத்து வலப்பக்கம் என்ன வருகிறது, அது எப்படி உண்டானது, எங்கே நிறுத்தலாம் என்று சொல்லிவிட்டு அடங்கிவிடும். பத்து நிமிடம் ஒன்றும் பேசாது. அடுத்த இடம் வந்ததும் மறுபடி பேசும்.

இந்தப் பூங்கா அதற்குத் தோதான இடம். 1872-இல் உலகின் முதல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. பரப்பு ஏறத்தாழ 9,000 சதுர கிலோமீட்டர். உள்ளே 8 வடிவத்தில் ஒரு சாலை, சுமார் 229 கிலோமீட்டர் நீளம். நம் ஊர்ப் புலிகள் காப்பகத்தில் வனத்துறை வண்டியில் ஏறித்தான் உள்ளே போக முடியும். முதுமலை நெடுஞ்சாலையில் வண்டியை நிறுத்தி இறங்கவும் கூடாது. யெல்லோஸ்டோனில் அவரவர் காரை அவரவரே ஓட்டிக்கொண்டு, ஒதுக்கப்பட்ட இடங்களில் நிறுத்தி நிறுத்திப் போகலாம். கூட வந்து எடுத்துச் சொல்லத்தான் ஆள் இல்லை. அந்தக் குறையைத்தான் இந்தக் குரல் தீர்க்கிறது.

இதைக் கேட்டதும் எல்லோருக்கும் வருகிற சந்தேகம் ஒன்று உண்டு. அந்தக் காட்டின் பெரும்பகுதியில் கைபேசிக்குச் சிக்னலே கிடையாது. டவர் இல்லை, இணையம் இல்லை. பிறகு செயலிக்கு நாம் எங்கே இருக்கிறோம் என்று எப்படித் தெரியும்? இந்தச் சந்தேகத்தாலேயே, ‘காட்டுக்குள் போனால் இது வேலை செய்யாது’ என்று முடிவுகட்டிப் பலர் விட்டுவிடுகிறார்கள். இன்னும் சிலர் வழிநெடுக சிக்னல் தேடிக் கைபேசியையே பார்த்துக்கொண்டு வருகிறார்கள். ஜன்னலுக்கு வெளியே இருக்கும் காடு அவர்கள் கண்ணில் படாமலே போகிறது. ஆகவே இந்த இடத்தில் சற்று நின்று, பொறுமையாகவே பார்ப்போம்.

சந்தேகம் எங்கிருந்து வருகிறது என்பதில் ஆரம்பிக்கலாம். ஊரில் நாம் வரைபடம் பார்த்து வண்டி ஓட்டும்போது நெட் போய்விட்டால் திரை வெறிச்சென்று சாம்பல் நிறமாகிவிடும். தெருவும் இல்லை, பெயரும் இல்லை. உடனே, ‘நெட் போனதால் ஜிபிஎஸ் போய்விட்டது’ என்று நினைக்கிறோம். ஆனால் அடுத்த முறை அந்தச் சாம்பல் திரையை உற்றுப் பாருங்கள். நடுவில் நீலப் புள்ளி அப்படியே இருக்கும். வண்டி நகர்ந்தால் அதுவும் நகரும். போனது வரைபடத்தின் படம் மட்டும்தான். நாம் இருக்கும் இடத்தைக் கைபேசி தொலைக்கவே இல்லை. படம் இணையத்தில் வருகிறது, இடம் வானத்திலிருந்து வருகிறது. இரண்டும் ஒரே திரையில் சேர்ந்து தெரிவதால் ஒன்றென்று நினைத்துவிட்டோம்.

வானத்திலிருந்து எப்படி வருகிறது? பழைய டிரான்சிஸ்டர் ரேடியோவை நினைத்துக்கொள்ளுங்கள். வானொலி நிலையம் தன் பாட்டுக்கு ஒலிபரப்பிக்கொண்டிருக்கும். நம் வீட்டு ரேடியோ அதைக் கேட்கும், அவ்வளவுதான். நிலையத்துக்குத் திருப்பி ஒரு வார்த்தை சொல்லாது. தெருவில் ஒரே ஒரு ரேடியோ பாடினாலும் ஆயிரம் பாடினாலும் நிலையத்துக்குத் தெரியப் போவதில்லை. கைபேசிக்குள் இருக்கும் ஜிபிஎஸ் சில்லும் இப்படி ஒரு ரேடியோதான். அது யாரையும் கூப்பிடுவதில்லை, யாரிடமும் எதையும் கேட்பதில்லை. காது கொடுத்துக் கேட்பது ஒன்றுதான் அதன் வேலை. அதற்கு டவர் வேண்டாம், சிம் வேண்டாம், கட்டணமும் இல்லை. பிள்ளைகளைப் பார்க்க அமெரிக்கா போயிருக்கும் பெற்றோரின் இந்தியக் கைபேசியில் ரோமிங் போடாமல் இருந்தாலும் அது தடையின்றிக் கேட்கும்.

அந்த ஒலிபரப்பில் என்ன வருகிறது என்று பார்ப்போம். பூமிக்கு மேலே சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் அமெரிக்காவின் ஜிபிஎஸ் செயற்கைக்கோள்கள் சுற்றிக்கொண்டிருக்கின்றன. குறைந்தது 24 எப்போதும் இயங்க வேண்டும் என்பது ஏற்பாடு. ஒவ்வொன்றிலும் அணுக் கடிகாரம் உண்டு. அவை ஓயாமல் சொல்லிக்கொண்டிருப்பது இரண்டே விஷயம்: இப்போது மணி என்ன, நான் எங்கே இருக்கிறேன். ஒளியின் வேகத்தில் வந்தாலும் அந்தச் செய்தி தரைக்கு வர ஒரு வினாடியில் ஏறத்தாழ பதினைந்தில் ஒரு பங்கு நேரம் ஆகும். எவ்வளவு தாமதமாக வந்தது என்பதை வைத்து எவ்வளவு தூரத்திலிருந்து வந்தது என்று கைபேசி கணக்குப் போடுகிறது. மூன்று செயற்கைக்கோள்களின் தூரம் தெரிந்தால் நாம் இருக்கும் இடம் பிடிபட்டுவிடும்.

நடைமுறையில் நான்காவது ஒன்றும் வேண்டியிருக்கிறது. நம் கைபேசியின் கடிகாரம் அவ்வளவு துல்லியமானதல்ல. அது ஒரு வினாடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு பிசகினாலே, தூரக் கணக்கு 300 மீட்டர் தப்பிவிடும். நான்காவது செயற்கைக்கோளின் உதவியால்தான் அந்தப் பிசகு சரியாகிறது. இந்த ஏற்பாடு முதலில் ராணுவத்துக்காக வந்தது. 1995-இல் முழுமை பெற்றது. பொதுமக்களுக்குக் கிடைத்த சமிக்ஞையை மட்டும் வேண்டுமென்றே மங்கலாக்கி வைத்திருந்தார்கள். அதனால் இடம் 100 மீட்டர் வரைகூடத் தவறியது. 2000-ஆம் ஆண்டு மே மாதம் அந்தத் திரையை விலக்கினார்கள். இன்று திறந்த வானத்தின் கீழ் ஒரு சாதாரணக் கைபேசி தன் இடத்தை ஐந்து மீட்டர் வாக்கில் சொல்லிவிடும். ரஷ்யா, ஐரோப்பா, சீனாவின் செயற்கைக்கோள்களையும் பல கைபேசிகள் சேர்த்துக் கேட்கின்றன. சாலையோரத்து ஓர் ஊற்றைக் கடக்கும்போது சரியாக அதைப் பற்றிப் பேச இந்தத் துல்லியம் போதும்.

இனி செயலிக்கு வருவோம். கதைகள் ஒலிக் கோப்புகளாக ஏற்கெனவே கைபேசிக்குள் இறங்கியிருக்கும். கூடவே ஓர் அட்டவணை: இந்த அட்சரேகை, தீர்க்கரேகைக்கு வந்தால், இந்தத் திசையில் போய்க்கொண்டிருந்தால், இந்தக் கதையைச் சொல். தரையில் கண்ணுக்குத் தெரியாத ஒரு வட்டம் போட்டு வைத்திருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளலாம். வட்டத்துக்குள் வண்டி நுழைந்ததும் கதை தொடங்கும். திசையையும் பார்ப்பதற்குக் காரணம், தெற்கே போகும்போது வலப்பக்கம் இருப்பது வடக்கே திரும்பி வரும்போது இடப்பக்கம் ஆகிவிடும். அதனால் ஒரே இடத்துக்கு இரண்டு விதமாகக் கதை பதிவு செய்ய வேண்டியிருக்கும்.

வட்டத்தை எங்கே போடுவது என்பதில்தான் இந்தத் தொழிலின் நுணுக்கம் இருக்கிறது. ஓல்ட் ஃபெய்த்ஃபுல் என்ற பீறிடும் வெந்நீர் ஊற்றிலிருந்து வெஸ்ட் தம்ப் என்ற இடத்துக்குப் போகும் சாலையில், கிரெய்க் கணவாயின் உச்சியில் ஐசா என்றொரு ஏரி வரும். ஏரி என்று சொல்வதற்கே சிறியது. கோடையில் மேலே மஞ்சள் அல்லி பூத்திருக்கும். சாலை அதன் மேலேயே போகும். தெரியாதவர் குட்டை என்று நினைத்துக் கடந்துவிடுவார். ஆனால் அதன் தண்ணீர் இரண்டு பக்கமும் வழிகிறது. மேற்கே வழிவது ஃபயர்ஹோல் ஆற்றில் சேர்ந்து, மிசௌரி, மிசிசிப்பி வழியாக மெக்சிகோ வளைகுடாவுக்குப் போகிறது. கிழக்கே வழிவது ஸ்னேக், கொலம்பியா ஆறுகள் வழியாகப் பசிபிக் பெருங்கடலுக்குப் போகிறது. மேற்கே இருக்கும் கடலுக்குக் கிழக்குப் பக்கத்துத் தண்ணீர் போவது இன்னும் விசித்திரம்.

இதை எப்போது சொல்ல வேண்டும்? பூங்காவின் வேக வரம்பு மணிக்கு 45 மைல், அதாவது 72 கிலோமீட்டர். வினாடிக்கு 20 மீட்டர். அரை நிமிடக் கதைக்குள் வண்டி 600 மீட்டர் போய்விடும். ஏரிக்கரையில் கதையைத் தொடங்கினால், முடியும்போது ஏரி முதுகுக்குப் பின்னால் போயிருக்கும். எனவே அரை கிலோமீட்டருக்கு முன்பே தொடங்கி, நிறுத்தும் இடம் எது என்றும் சொல்லி, ஓட்டுகிறவர் வேகத்தைக் குறைக்க அவகாசம் கொடுத்து, ஏரி கண்ணில் படும் நேரத்தில் அல்லிப் பூவுக்கு வந்துசேர வேண்டும். நல்ல செயலிக்கும் சுமாரான செயலிக்கும் உள்ள வித்தியாசம் பெரும்பாலும் இந்த அரை கிலோமீட்டரில் இருக்கிறது.

முன்பு இதே வேலையைக் கேசட்டுகள் செய்துவந்தன. கேசட் நேரத்தைப் பார்த்து ஓடும். சாலையில் என்ன நடக்கிறது என்று அதற்குத் தெரியாது. யெல்லோஸ்டோனின் ஹேடன் பள்ளத்தாக்கில் பைசன் மந்தை சாலையைக் கடந்தால் வண்டிகள் அரை மணி நேரம்கூட நிற்கும். அதற்குள் கேசட் அடுத்த நீர்வீழ்ச்சிக்குப் போயிருக்கும். இடத்தைப் பார்த்துப் பேசும் குரலுக்கு அந்தச் சங்கடம் இல்லை. வண்டி நின்றால் அடுத்த கதை காத்திருக்கும். அந்த அரை மணி நேரமும் பைசன்களுக்கே உரியது. குரல் குறுக்கே வராது. 1957-இல் ஃப்ரீமன் டில்டன் என்பவர் இத்தகைய இடங்களில் எடுத்துரைப்பது பற்றி எழுதிய நூலை இன்றும் பூங்காப் பணியாளர்கள் படிக்கிறார்கள். தகவலைக் கொட்டுவதைவிட, பார்க்கிறவருக்குள் ஆர்வத்தைக் கிளறிவிடுவதே முக்கியம் என்பது அவர் கருத்து. சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டு ஒதுங்கிக்கொள்ளும் குரல் அதற்குப் பொருந்தியே இருக்கிறது.

இந்தக் குரலால் முடியாததும் உண்டு, அதையும் தெரிந்துகொள்வோம். அது முன்பே பதிவு செய்யப்பட்டது. இன்று காலை எந்தச் சாலையை மூடினார்கள் என்று அதற்குத் தெரியாது. ஓல்ட் ஃபெய்த்ஃபுல் சுமார் ஒன்றரை மணி நேரத்துக்கு ஒருமுறை பீறிடும் என்று அது சொல்லும். அடுத்தது எத்தனை மணிக்கு என்பதை, கடைசியாக எவ்வளவு நேரம் பீறிட்டது என்று பார்த்து ரேஞ்சர்கள்தான் கணிக்கிறார்கள். அந்த நேரத்தை அங்குள்ள பார்வையாளர் மையத்தில் எழுதிப் போட்டிருப்பார்கள். பைசனிடமிருந்து 23 மீட்டர், கரடி, ஓநாயிடமிருந்து 91 மீட்டர் தள்ளி நிற்க வேண்டும் என்ற விதியைக் குரல் நினைவூட்டலாம்; கடைப்பிடிக்க வேண்டியது நாம். வெந்நீர் ஊற்றுகளுக்குப் பக்கத்தில் மரப் பலகைப் பாதையை விட்டு இறங்கவே கூடாது. மேலே கெட்டித் தரையாகத் தெரிவது மெல்லிய ஓடாக இருக்கலாம், அடியில் கொதிக்கும் தண்ணீர்.

ஆக, போகும் முன் செய்ய வேண்டியது எல்லாம் நாம் பார்த்த இந்த விளக்கத்திலிருந்தே கிடைத்துவிடுகிறது. கதைகள் இணையத்தில் வருவதால் அவற்றைத் தங்குமிடத்து வைஃபையிலேயே முழுதாக இறக்கிக்கொள்ள வேண்டும்; வரைபடத்தையும் ஆஃப்லைனில் சேமித்துக்கொள்ள வேண்டும். அமெரிக்க தேசியப் பூங்காத் துறை 2021-இல் வெளியிட்ட இலவசச் செயலியிலும் இந்த வசதி உண்டு. ஜிபிஎஸ் வானத்தைக் கேட்பதால் கைபேசியைப் பையின் அடியில் போடாமல் முன் கண்ணாடிக்குப் பக்கத்தில் வைப்பது நல்லது. நெட் இருக்கும் இடத்தில் செயற்கைக்கோள்கள் எங்கே என்ற விவரத்தை டவர் சட்டென்று கொடுத்துவிடும். நெட் இல்லாவிட்டால் அந்த விவரத்தையும் வானத்திலிருந்தே மெதுவாகக் கேட்டுப் பெற வேண்டும். அதற்கு அரை நிமிடமோ கூடுதலாகவோ ஆகும். பூங்கா வாயிலுக்கு முன்பே செயலியை ஓடவிட்டால் இந்தக் காத்திருப்பும் இல்லை. வைஃபை மட்டும் உள்ள ஐபேடில் ஜிபிஎஸ் சில் கிடையாது. அதை நம்பிப் போகக் கூடாது. சிக்னல் இல்லாத இடத்தில் கைபேசி டவரைத் தேடித் தேடியே பேட்டரியைத் தீர்த்துவிடும் என்பதால் சார்ஜரும் அவசியம்.

இத்தனையும் சொன்ன பிறகும் மனம் முழுதாக நம்பாது. வீட்டிலேயே சோதித்துப் பார்த்துவிடலாம். உங்கள் ஊர் வரைபடத்தைக் கைபேசியில் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். ஏரோபிளேன் மோடைப் போடுங்கள், வைஃபையும் அணைந்திருக்கட்டும். வரைபடத்தைத் திறந்துகொண்டு தெருவில் இறங்கி, முனை வரைக்கும் நடந்து போய்த் திரும்பி வாருங்கள். நீலப் புள்ளி உங்களோடு போய் உங்களோடு திரும்பி வரும். உங்கள் தெருவில் அது செய்யும் வேலைதான் யெல்லோஸ்டோன் காட்டிலும். அங்கே வானம் இன்னும் திறந்து கிடப்பதால், இன்னும் நன்றாகவே செய்யும்.