மினமாட்டா மீனவரும் ஒரு விவரணப் படமும்

மக்களின் குறையை அரசாங்கம் அறிய அறிக்கை உதவும். ஆனால் அக்குறையை மக்களே ஒருவருக்கொருவர் உணர்ந்துகொள்ள அறிக்கை மட்டும் போதாது. ஜப்பான் நாட்டில் இப்பணிக்கு விவரணப் படங்கள் எவ்வாறு பயன்பட்டன என்பதை ஈண்டுக் காண்போம்.

கியூஷூ தீவில் மினமாட்டா என்னும் கடற்கரையூர் உள்ளது. அங்கே சிஸ்ஸோ என்னும் இரசாயன ஆலை 1932 முதல் 1968 வரை அசிட்டால்டிஹைடு உற்பத்தி செய்தது. அதற்குப் பயன்பட்ட பாதரசத்தில் ஒரு பகுதி மெத்தில் பாதரசமாக மாறி, கழிவு நீருடன் கடலிற் கலந்தது. மீனிலும் சிப்பியிலும் நஞ்சு திரண்டது. அவற்றை உண்ட பூனைகள் சுழன்று விழுந்து மடிந்தன. மனிதருக்குக் கை கால் மரத்தன, பார்வை குறுகிற்று, பேச்சுக் குழறிற்று. கருவிலிருந்த சிசுக்களும் தப்பவில்லை. 1956 மே 1-ஆம் தேதி அந்நோய் அதிகாரபூர்வமாக அறியப்பட்டது. எனினும் ஆலைக் கழிவே காரணம் என்பதை அரசாங்கம் 1968-இல்தான் ஒப்புக்கொண்டது.

சுச்சிமோட்டோ நோரியாக்கி (1928–2008) என்பவர் 1965-இல் தொலைக்காட்சிக்காக அங்குச் சென்றார். அனுமதியின்றிப் படமெடுத்ததாக ஒரு தாய் அவரைக் கடிந்துகொண்டார். 1970-இல் மீண்டும் சென்றபோது, நோயுற்ற குடும்பங்களின் நம்பிக்கையைத் தேடிக்கொண்டே அவர் படமெடுத்தார். 1971-இல் வெளிவந்த அப்படம் நோயாளிகளை இரக்கத்துக்குரியவர்களாக மட்டும் காட்டவில்லை. பேய்க்கணவாய் பிடிக்கும் முதியவரின் தொழில் திறனும், ஆலையின் பங்குகளை வாங்கிப் பங்குதாரர் கூட்டத்திலேயே நியாயம் கேட்டவர்களின் உறுதியும் அதில் உள்ளன.

அதே கடலின் மீனை எதிர்க்கரைத் தீவுகளிலும் பலர் உண்டனர். நோயென்று சொன்னால் மீன் விலைபோகாது, பிள்ளைகளுக்கு மணம் கூடாது என அஞ்சி அவர்கள் வாய் திறக்கவில்லை. 1977-இல் சுச்சிமோட்டோ தம் படங்களை எடுத்துச்சென்று, அக்கடலோர ஊர்களில் ஒவ்வொன்றாகத் திரையிட்டார். பிறர் நோயைத் திரையில் கண்டால்தானே தம் உடலின் குறையை இன்னதென்று ஒருவர் அறிய இயலும்?

பாதரசத்தைக் கட்டுப்படுத்த 2013-இல் ஏற்பட்ட சர்வதேச உடன்படிக்கை இவ்வூரின் பெயரையே தாங்கியுள்ளது. வளர்ச்சிப் பணியாளராகிய நாம் கொள்ளவேண்டிய பாடம் எளியது. பூனை சாவதை முதலிற் கண்டவர் நிபுணரல்லர், மீனவரே. நீரின் நிறமோ மணமோ மாறிற்றென்று கிராமத்தார் சொன்னால் அதனை அன்றே பதிவு செய்வோம். நீரை ஆய்வுக்கு அனுப்புவோம். வந்த முடிவைக் கோப்பில் உறங்கவிடாமல், அவ்வூரார் கூடும் இடத்திலேயே விளக்கிச் சொல்வோம்.